ஜோடி சேராத மணிமேகலை: 'பொன்னியின் செல்வ'னில் கூட்டமும் காதலும்

'பொன்னியின் செல்வன்' படித்த யாரிடம் பேசினாலும் பேச்சு கடைசியில் ஒரு கேள்வியில்தான் வந்து நிற்கும். "அப்புறம் யாரு யாரைக் கட்டிக்கிட்டாங்க?" இது இன்றைய பிள்ளைகள் மட்டும் கேட்கிற கேள்வி அல்ல. 1950 முதல் 1954 வரை கல்கி வார இதழில் இந்தக் கதை தொடராக வந்து முடிந்தபோதே வாசகர்கள் இதைத்தான் கேட்டார்கள். வந்தியத்தேவன் குந்தவையை மணந்தானா, வானதி என்ன ஆனாள் என்றெல்லாம் கேட்டு எழுதியவர்களுக்காக, முடிவுரை ஒன்று எழுதி விவரம் சொல்ல வேண்டியிருந்தது ஆசிரியருக்கு. 5 பாகங்கள், 293 அத்தியாயங்கள் எழுதிய பிறகும்!

நான் அந்தக் கேள்வியைக் கொஞ்சம் திருப்பிப் போட்டுப் பார்க்க விரும்புகிறேன். இவ்வளவு பெரிய கூட்டத்தில் யாருக்கு ஜோடி கிடைக்கவில்லை? கதாசிரியர் அவளை எங்கே நிறுத்தி வைத்திருக்கிறார்? இந்தக் கேள்வியோடு நாவலை மறுபடி படித்தால், நாம் பல முறை படித்த புத்தகமே வேறு ஒன்றாகத் தெரிகிறது என்பது என் அனுபவம்.

காதல் இருவர் சமாச்சாரம் மட்டுமா?

பலர் கூடி நடக்கும் கதைகளில் காதல் எப்படி இயங்குகிறது என்பது தமிழுக்குப் புதிய விஷயம் அல்ல. சங்க அகப்பாடல்களைப் பாருங்கள். தலைவன், தலைவி இருவர் மட்டும் பேசுகிற உலகமா அது? தோழி பேசுகிறாள், செவிலி பேசுகிறாள், பாங்கன் பேசுகிறான், வழியில் கண்டோர் பேசுகிறார்கள். களவில் பேசுவதற்கு உரியவர் 6 பேர் என்றும், கற்பில் அவர்களோடு பாணன், கூத்தன், விறலி, பரத்தை, அறிவர், கண்டோர் என 6 பேர் சேர்ந்து 12 பேர் என்றும் தொல்காப்பியம் வரையறுத்தே வைத்திருக்கிறது. ஊர் பேசுகிற பேச்சுக்கு 'அலர்' என்று தனிப்பெயர் வேறு. ஒரு காதலை நடத்திச் செல்லவும் தடுக்கவும் ஒரு சின்ன ஊரே தேவைப்படுகிறது.

ஆனால் இதில் ஒன்றைக் கவனிக்க வேண்டும். அத்தனை அகப்பாடல்களிலும் அதிகம் உழைப்பவள் தோழி. குறியிடம் சொல்வது, தலைவனைக் கடிந்துகொள்வது, செவிலிக்கு விஷயத்தைப் பக்குவமாகத் தெரிவிப்பது எல்லாம் அவள்தான். அவளுக்கென்று ஒரு காதல் உண்டா? அதைப் பற்றிப் பேச்சே இல்லை. அவள் மனசுக்கு அங்கே துறை வகுக்கப்படவில்லை.

கல்கி இந்த மரபைத் தெரிந்தவர். தோழி என்ற அந்த இடத்தை அவர் கைவிடவில்லை. அங்கே நிற்பவளுக்கும் ஒரு மனசைக் கொடுத்துவிட்டார். அதன் பலன் என்ன என்பதுதான் இக்கட்டுரையின் விஷயம்.

கூட்டத்துக்குள் காதல் செய்யும் வேலை

முதலில் பொதுவாக ஒன்று சொல்லிவிடுகிறேன். "கல்கி ராஜாங்கக் கதையில் எதுக்கு இத்தனை காதலைப் புகுத்தினார்? வாரப் பத்திரிகைக்குத் தீனி போடத்தானே?" என்று கேட்கும் நண்பர்கள் உண்டு. காதலை எடுத்துவிட்டால் இந்த நாவலின் அரசியல் ஒரு அடிகூட நகராது என்பது என் கட்சி.

வந்தியத்தேவனையே எடுத்துக்கொள்வோம். வாணர் குலத்தில் பிறந்தவன், ஆனால் ஆள நாடு கிடையாது. பிழைப்புக்காகக் குதிரையேறிக் கிளம்பியவன்; நம்மில் பலரைப் போல என்று வைத்துக்கொள்ளுங்களேன்! அவன் ஆதித்த கரிகாலனின் ஆள். காஞ்சியிலிருந்து இரண்டு ஓலைகளோடு வருகிறான், ஒன்று தஞ்சையில் சக்கரவர்த்திக்கு, ஒன்று பழையாறையில் குந்தவைக்கு. குந்தவையைப் பார்த்த பிறகு அவன் யாருடைய ஆள்? அவள் ஓலையை வாங்கிக்கொண்டு இலங்கைக்கே போகிறான். தூதனாக வந்தவன் ஒரு கட்சியிலிருந்து இன்னொரு கட்சிக்குள் நுழைவதற்கு வாசல் காதல்தான்.

பார்த்திபேந்திரன் கதை இதற்கு நேர் எதிர். கரிகாலனின் உயிர் நண்பன் அவன். நந்தினியைப் பார்க்கிறான், அவ்வளவுதான். ஒரு சண்டையும் இல்லாமல் அவன் மனசு எதிர் முகாமுக்குப் போய்விடுகிறது. சதி ஆலோசனைகள் பல இரவுகள் நடந்தும் சாதிக்காததை ஒரு சந்திப்பு சாதித்துவிடுகிறது.

எல்லாவற்றையும் விடச் சாமர்த்தியமானது அந்த மூடுபல்லக்கு. உடம்பில் 64 விழுப்புண் தாங்கிய பெரிய பழுவேட்டரையர் வயசான காலத்தில் இளம்பெண்ணை மணந்துகொண்டார். போகிற இடமெல்லாம் அவளை மூடுபல்லக்கில் கூடவே அழைத்துப் போகிறார் என்று நாடே சிரிக்கிறது. உள்ளே இருப்பதோ மதுராந்தகன்! கிழவரின் மோகத்தைப் பற்றி ஊர் பேசப் பேச, சதிக்குப் பாதுகாப்பு கூடுகிறது. ஊர் வம்பு காதலைக் கெடுக்கும் என்று சங்கப் பாடல் காட்டியது. அந்த வம்பே அரசியலுக்குத் திரையாகும் என்று கல்கி காட்டினார். இதை வெறும் தொடர்கதை உத்தி என்று ஒதுக்க என்னால் முடியவில்லை.

தோழிக்கும் ஒரு மனசு

இப்போது தோழிக்கு வருவோம். வானதி கொடும்பாளூர்க் குலத்துப் பெண். பழையாறையில் அவள் இடம் என்ன? குந்தவையின் தோழி. இளவரசர் போருக்குப் புறப்படும்போது தட்டும் விளக்குமாக நிற்கிறாள், தட்டு கை தவறுகிறது, மயங்கி விழுகிறாள். மற்றப் பெண்கள் கேலி பேசுகிறார்கள், சிலருக்குப் பொறாமை. ஒரு பெண்கள் கூட்டத்தில் நடப்பது அப்படியே இருக்கிறது. அவளுடைய காதலை நடத்திக் கொடுப்பவள் குந்தவை. அதாவது இங்கே தலைவியே தோழிக்குத் தோழியாகிறாள். மரபு தலைகீழாகிறது.

பூங்குழலி இதில் இன்னொரு படி. கோடிக்கரைப் படகுக்காரி. வந்தியத்தேவனை இலங்கைக்குக் கொண்டு விடுபவள் அவள். கடலில் தத்தளித்த இளவரசரைக் காப்பாற்றி, காய்ச்சலோடு கிடந்தவரை நாகப்பட்டினத்துச் சூடாமணி விகாரத்தில் சேர்க்க ஓடம் ஓட்டியவளும் அவள்தான். கூட வந்தவன் அவளையே நினைத்து உருகுகிற சேந்தன் அமுதன். அவள் நினைப்பதோ அருள்மொழிவர்மரை. ஒரே ஓடத்தில் மூன்று பேர், மூன்று திசையில் மூன்று மனசு! கடைசியில் அவள் அமுதனை ஏற்கிறாள். அவன்தான் உண்மையான மதுராந்தகன் என்று தெரிய வருகிறது. பூங்குழலி சோழ நாட்டு அரசியாகிறாள்.

வானதியோ, பூங்குழலியின் சுடுசொல்லால் ரோஷப்பட்டு, தான் ஒருபோதும் சிங்காதனத்தில் அமரமாட்டேன் என்று சபதம் செய்துவிடுகிறாள். ஆக அரண்மனைப் பெண் சிங்காதனம் வேண்டாம் என்கிறாள், ஓடக்காரப் பெண்ணுக்கு அது தானாக வருகிறது. கணக்கு நேராகிவிட்டது, எல்லோருக்கும் ஏதோ ஒன்று கிடைத்துவிட்டது என்று தோன்றுகிறதல்லவா? ஒருத்தியைத் தவிர.

கடம்பூர் மாளிகைப் பெண்

மணிமேகலை சம்புவரையரின் மகள், கந்தமாறனின் தங்கை. வந்தியத்தேவனும் கந்தமாறனும் வட எல்லையில் ஒன்றாகக் காவல் இருந்த நண்பர்கள். அங்கே கந்தமாறன் தன் தங்கையைப் பற்றி நண்பனிடம் சொல்லி ஆசையை வளர்த்தான். வீட்டுக்கு வந்தால் நண்பனைப் பற்றித் தங்கையிடம் சொல்லி ஆசையை வளர்த்தான். அவள் பார்க்காத ஒருவன் மேல் வைத்த அன்பு முழுவதும் அண்ணன் வாயால் வந்தது. பிறகு ஒரு நாள் பெரிய இடத்துச் சம்பந்தம் கண்ணில் பட்டதும் அதே அண்ணன், தங்கையை மறந்துவிடும்படி நண்பனிடம் சொல்கிறான். நண்பன் அதை லேசாக எடுத்துக்கொண்டு தஞ்சைக்குக் குதிரை ஏறிவிடுகிறான். தங்கையால் அப்படி ஏறிப் போக முடியுமா?

என்னைப் பொறுத்தவரை, கூட்டத்துக்கும் காதலுக்கும் உள்ள உறவைக் கல்கி தொட்ட இடங்களில் இதுதான் மிக ஆழமானது. ஒரு குடும்பம் ஒரு பெண் மனசில் ஆசையை விதைக்கிறது. குடும்பத்தின் லாபக் கணக்கு மாறியதும் "அதைப் பிடுங்கிப் போட்டுடு" என்கிறது. விதைத்தபோதும் அவளைக் கேட்கவில்லை, பிடுங்கும்போதும் கேட்கவில்லை. பிறகு கடம்பூர் மாளிகைக்கு ஆதித்த கரிகாலனே விருந்துக்கு வருகிறான். சோழ ராஜ்யத்தைப் பங்கு போடுகிற பேச்சும் மணிமேகலையின் கல்யாணப் பேச்சும் அந்த ஒரே கூரையின் கீழ் நடக்கின்றன. ராஜ்யத்துக்கு ஒரு பாகப்பிரிவினை, அதை உறுதிப்படுத்த ஒரு கல்யாணம். உடன்படிக்கையில் அவள் ஒரு ஷரத்து, அவ்வளவுதான்.

அந்த மாளிகையில் அவள் மனசில் இருப்பதைக் கேட்டுத் தெரிந்துகொள்பவள் நந்தினி. அவளும் அதைத் தன் காரியத்துக்காகவே கேட்டுக்கொள்கிறாள்.

கரிகாலன் கொலையுண்ட இரவுக்குப் பிறகு பழி வந்தியத்தேவன் மேல் விழுகிறது. அப்போது மணிமேகலை ஒரு காரியம் செய்கிறாள். கொன்றது தானே என்கிறாள். நாவல் முழுக்க அவள் பெயரால் பிறர் பேசினார்கள். அவளே முன்வந்து உரக்கச் சொன்ன வாக்கியம் அது ஒன்றுதான், அதுவும் பொய். தன்னைக் காப்பாற்றிக்கொள்ளச் சொன்ன பொய் அல்ல. தன்னை ஒருபோதும் முதலிடத்தில் வைக்காத ஒருவனுக்காகச் சொன்னது. அதன் பிறகு அவன் இறந்துவிட்டான் என்று நம்பிச் சித்தம் கலங்குகிறாள்.

நாவலின் கடைசி அத்தியாயத்துக்குத் தலைப்பு 'மலர் உதிர்ந்தது'. முடிசூட்டு விழா எல்லாம் முடிந்துவிட்டது. ராஜ்யம் யாருக்கு என்ற கேள்விக்கும் பதில் கிடைத்துவிட்டது. அதற்கும் பிறகு கல்கி பேனாவைக் கீழே வைக்காமல் இந்தப் பெண்ணிடம் திரும்பி வருகிறார். வந்தியத்தேவன் அருகிருக்க அவள் உயிர் பிரிகிறது. நாம் ஆடிப்பெருக்கு அன்று வீரநாராயண ஏரிக்கரையில் பார்த்த அந்தத் துடுக்குப் பையன் அன்றோடு வேறு மனிதனாகிறான். வந்தியத்தேவன் - குந்தவை திருமணத்தைப் பற்றித் தெரிந்துகொள்ள நாம் முடிவுரைக்குப் போக வேண்டியிருக்கிறது. எதை அத்தியாயமாக எழுதினார், எதைப் பின்குறிப்பாகச் சொன்னார் என்பதிலேயே ஆசிரியரின் மனசு இருக்கிறது.

கல்வெட்டு கொடுத்த ஜோடிகள்

இன்னொரு கோணத்திலும் இதைச் சோதித்துப் பார்க்கலாம். கல்கி சரித்திரக் கதை எழுதினார். அவர் கையைக் கட்டுகிற சான்றுகள் பல இருந்தன. தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டு குந்தவையை வல்லவரையர் வந்தியத்தேவரின் தேவி என்கிறது. ராஜேந்திரனின் தாய் வானவன் மாதேவி என்பதும் கல்வெட்டுச் செய்தி. ராஜராஜனின் பட்டத்தரசியாக லோகமாதேவியின் பெயர் வருகிறது. வானதியின் அந்தச் சபதத்தை இதோடு சேர்த்துப் பார்த்தால் அர்த்தம் விளங்கும். உத்தம சோழன் ஆண்டு முடித்த பிறகுதான் 985-ல் ராஜராஜன் அரியணை ஏறினான். காட்டுமன்னார்கோயிலை ஒட்டிய உடையார்குடிக் கல்வெட்டு, ஆதித்த கரிகாலனைக் கொன்றவர்கள் என்று ரவிதாசன் முதலியோரின் பெயரைச் சொல்கிறது.

ஆக, ஜோடிகளில் முக்கியமானவற்றைக் கல்லில் வெட்டியே வைத்துவிட்டார்கள். கல்கி அவற்றை மாற்றியிருக்க முடியாது. ஆனால் மணிமேகலைக்குக் கல்வெட்டு கிடையாது. நந்தினிக்கு இல்லை. பூங்குழலிக்கும் இல்லை. இவர்கள் கல்கி தாமே படைத்த பெண்கள். மணிமேகலையை யாருக்கு வேண்டுமானாலும் கல்யாணம் செய்து வைத்திருக்கலாம். பார்த்திபேந்திரனுக்குக் கொடுத்திருந்தால் "ஏன்?" என்று கேட்க எந்தச் சரித்திர ஆசிரியரும் வரப்போவதில்லை. வார வாசகர்களுக்கும் பரம திருப்தி. அவர் செய்யவில்லை. சரித்திரம் கையைப் பிடித்த இடத்தில் ஜோடி சேர்த்தவர், கை சுதந்திரமாக இருந்த இடத்தில் ஜோடி சேராத பெண்ணை எழுதினார்.

ஐந்தாம் பாகத்தின் பெயர் 'தியாகச் சிகரம்'. அருள்மொழிவர்மர் மகுடத்தை இன்னொருவர் தலையில் வைத்ததைத்தான் இந்தத் தலைப்பு குறிக்கிறது என்று எல்லோரும் சொல்கிறோம், சரிதான். ஆனால் அவர் துறந்த மகுடம் பின்னால் அவருக்கே வந்தது, உலகமும் அவரைக் கொண்டாடுகிறது. மணிமேகலை துறந்தது எதுவும் அவளுக்குத் திரும்பி வரவில்லை. சிகரம் எது என்று கடைசி அத்தியாயத்தைப் படித்துவிட்டு அவரவர் முடிவு செய்துகொள்ளலாம்.

ஒரு மறுப்பு

இதற்கு நியாயமான ஆட்சேபம் உண்டு. "கதாநாயகனுக்கு இரண்டு பெண்கள். ஒருத்தியைப் பைத்தியமாக்கிச் சாகடித்துவிட்டால் சிக்கல் தீர்ந்தது. இதுல என்ன பெரிய இலக்கியம்? எல்லா சினிமாவிலயும் நடக்கிறதுதானே?" என்று கேட்கலாம். பாதி ஒப்புக்கொள்கிறேன். சித்தம் கலங்குவது, காதலன் முன் உயிர் விடுவது எல்லாம் அந்தக் காலத்து நாடக மேடையின் சாமான்கள்தான். ஊமை ராணி சக்கரவர்த்திக்கு வந்த வேலைத் தன் மேல் வாங்கிச் சாகிறாள், நந்தினி மறைந்துபோகிறாள், மணிமேகலை உதிர்கிறாள். இடம் கொடுக்க முடியாத பெண்களைக் கதையிலிருந்து அனுப்பி வைக்கும் பழக்கம் கல்கியிடம் இருந்தது. வந்தியத்தேவன் அவளுக்கு நேராக நின்று ஒரு பதில் சொல்லவேண்டிய கட்டாயமே வரவில்லை என்பதும் குறைதான்.

ஆனால் சிக்கலைத் தீர்க்க மட்டும் சாகடிக்கிற எழுத்தாளர் அதை நடுவில் செய்துவிட்டுக் கல்யாண மேளத்தோடு கதையை முடிப்பார். கல்கி மேளத்தை முன்னால் வாசித்துவிட்டு, இழவைக் கடைசியில் வைத்தார். மூன்றரை வருஷம் வாராவாரம் காத்திருந்த வாசகர்களைச் சந்தோஷமாக அனுப்பி வைக்க அவருக்குத் தெரியாதா என்ன? இந்தக் கூட்டம் சேர்ந்து கும்மாளமிட்டதற்கு ஒரு பெண் விலை கொடுத்தாள், அதைப் பார்த்துவிட்டுப் போங்கள் என்று வாசலில் நிறுத்திச் சொல்கிறார்.

படமும் நம் வீடும்

மணிரத்னம் இயக்கத்தில் இந்நாவல் 2022 செப்டம்பரிலும் 2023 ஏப்ரலிலும் இரண்டு பாகப் படமாக வந்தது. வெளிமாநிலங்களில் வளர்ந்த நம் பிள்ளைகள் பலருக்குச் சோழர் கதை அறிமுகமானது அதன் வழியாகத்தான். அதற்கு நாம் நன்றி சொல்ல வேண்டும். ஐந்து பாகத்தைச் சில மணி நேரத்தில் அடக்குவது லேசுப்பட்ட காரியம் அல்ல, யாரையாவது விடத்தான் வேண்டும். விடப்பட்டவர்களில் ஒருத்தி மணிமேகலை. அவள் இல்லாமலே கதை நன்றாக ஓடியது. அதுதான் எனக்கு உறுத்துகிறது. நாவலுக்குள் அவள் வீட்டார் அவளைக் கேட்காமல் கதையை நடத்தினார்கள். நாமும் அவளைக் கேட்காமல் கதையைப் பார்த்து முடித்துவிட்டோம்.

ஊரை விட்டு வந்து வாழும் நமக்கு நாலு தமிழ்க் குடும்பம் கூடுவது பெரிய பலம். வீடு பார்ப்பது முதல் வரன் பார்ப்பது வரை அந்தக் கூட்டம்தான் கை கொடுக்கிறது. "நம்ம பொண்ணுக்கு உங்க பையன்தான்" என்று பொங்கல் விழாவில் விளையாட்டாகச் சொல்கிறோம். பிள்ளைகள் அதைக் கேட்டுக்கொண்டே வளர்கிறார்கள். பத்து வருஷம் கழித்து வேறு பெரிய இடம் வந்ததும் பெரியவர்களுக்கு அந்தப் பேச்சு மறந்துவிடுகிறது. எல்லோருக்கும் மறந்துவிட்டதா என்று யாரும் கேட்பதில்லை. கந்தமாறன் கெட்டவன் அல்ல, தங்கை மேல் உயிரையே வைத்திருந்தவன். அவன் செய்த தவறு ஒன்றுதான். அவளிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை.

படம் பார்த்த பிள்ளைகளிடம் நாவலின் ஐந்தாம் பாகத்தை எடுத்துக் கொடுங்கள். தமிழ் படிக்கத் தெரியாத பிள்ளைகளுக்கு நாமே படித்துக் காட்டலாம், மாலையில் ஒரு மணி நேரம் போதும். முடிசூட்டு விழாவோடு புத்தகத்தை மூடிவிடாமல், அந்தக் கடைசி அத்தியாயம் வரைக்கும் படியுங்கள்.